சிலோன் ரேடியோ சென்னையை வளைத்துப் போட்ட கதை!

டெல்லி பூட்டியது, கொழும்பு திறந்தது!

(நமது நிருபர்)

சென்னை நகரில் எழுபது வயது தாண்டிய எந்த சலூன்காரரையும், எந்த டீக்கடைக்காரரையும் கேட்டுப் பாருங்கள். அந்தக் காலத்தில் கடையில் எந்த ஸ்டேஷன் வைத்திருந்தீர்கள் என்று கேட்டால், யோசிக்காமல் ஒரே பதில்தான் வரும்: சிலோன்!

உள்ளூரில் ஆல் இந்தியா ரேடியோ இருந்தது. சென்னைக் கடற்கரையிலேயே அதற்குச் சொந்தக் கட்டிடம் இருந்தது. ஆனாலும் பாரிமுனை முதல் சைதாப்பேட்டை வரை ரேடியோப் பெட்டியின் முள் போய் நின்ற இடம், கடல் தாண்டி வேறொரு நாட்டின் தலைநகரம். அங்கே இருந்து கொண்டு அவர்கள் கோடம்பாக்கத்துப் பாட்டை நமக்கே திருப்பி விற்றார்கள். நாமும் வாங்கினோம். இருபது, முப்பது வருஷம் வாங்கினோம்!

இது எப்படி நடந்தது? இதில் காசு பார்த்தவர்கள் யார், குரல் கொடுத்தவர்கள் கதி என்ன ஆயிற்று? விவரம் வருமாறு:

சென்னைதான் முந்தியது!

பலருக்குத் தெரியாத சங்கதி ஒன்று. ரேடியோ விஷயத்தில் கொழும்பை விட சென்னை மூத்தது.

1924-ம் வருஷம் சி.வி.கிருஷ்ணசாமி செட்டி என்பவர் "மெட்ராஸ் பிரசிடென்சி ரேடியோ கிளப்" என்ற பேரில் ஒரு சங்கம் ஆரம்பித்தார். அதே வருஷம் ஜூலை மாதக் கடைசியில் ஒலிபரப்பும் தொடங்கி விட்டது. மெம்பர்கள் கட்டிய சந்தாவில் ஓடிய ரேடியோ அது. பாட்டு, பேச்சு எல்லாம் இருந்தது. கையில் காசுதான் இல்லை. 1927-ல் மூச்சு நின்று விட்டது.

கிளப்பின் டிரான்ஸ்மிட்டர் சென்னை மாநகராட்சி கைக்குப் போயிற்று. 1930-ல் இருந்து ரிப்பன் கட்டிடத்தில் இருந்து மாநகராட்சியே பாட்டு ஒலிபரப்பியது. மெரினா கடற்கரையில் ஒலிபெருக்கி கட்டி விட்டிருந்தார்கள். காற்று வாங்க வந்தவர்கள் கச்சேரியும் கேட்டு விட்டுப் போனார்கள். குழாயில் தண்ணீர் விடுகிற மாநகராட்சி பாட்டும் விட்டது என்றால் இன்றைக்கு நம்புவார்களா? 1938 ஜூன் 16-ந் தேதி ஆல் இந்தியா ரேடியோ சென்னை நிலையம் வந்ததும் மாநகராட்சி கையைக் கழுவிக் கொண்டது.

ஆக, சந்தாவை நம்பிய ரேடியோ மூன்று வருஷத்தில் படுத்தது. விளம்பரத்தை நம்பிய கொழும்பு ரேடியோ சக்கைப்போடு போட்டது. வித்தியாசம் இங்கேதான் இருக்கிறது.

நீர்மூழ்கிக் கப்பல் சாமான்!

கொழும்பில் எட்வர்ட் ஹார்ப்பர் என்று ஒரு வெள்ளைக்காரர். தந்தி இலாகாவின் தலைமை என்ஜினீயர். முதல் உலக யுத்தத்தில் பிடிபட்ட ஜெர்மன் நீர்மூழ்கிக் கப்பலின் வயர்லெஸ் சாமான்களை வைத்து ஒரு டிரான்ஸ்மிட்டர் கட்டினார். மத்திய தந்தி ஆபீசின் சின்ன அறை ஒன்றில் கிராமபோன் தட்டுகளைச் சுழல விட்டு, அந்தப் பாட்டை ஆகாயத்தில் அனுப்பிப் பார்த்தார். வேலை செய்தது! 1925 டிசம்பர் 16-ந் தேதி "கொழும்பு ரேடியோ" முறைப்படி ஆரம்பமாயிற்று.

இரண்டாவது உலக யுத்தம் வந்தது. மவுண்ட்பேட்டன் பிரபுவின் தலைமையில் இருந்த தென்கிழக்கு ஆசிய ராணுவத் தலைமையகம் இலங்கையில் முகாம் போட்டது. பல நாடுகளில் சிதறிக் கிடந்த சிப்பாய்களுக்குப் பாட்டும் செய்தியும் போய்ச் சேர வேண்டுமே! அதற்காக "ரேடியோ சியாக்" என்ற ராணுவ ரேடியோவும், 100 கிலோவாட் சக்தி கொண்ட சிற்றலை டிரான்ஸ்மிட்டரும் வந்தன.

யுத்தம் முடிந்தது. சிப்பாய்கள் ஊர் போய்ச் சேர்ந்தார்கள். டிரான்ஸ்மிட்டரை யாரும் மூட்டை கட்டித் தூக்கிப் போக முடியவில்லை. 1949-ல் எல்லாம் இலங்கை அரசாங்கத்தின் கைக்கு வந்தது. பேர் "ரேடியோ சிலோன்" ஆயிற்று.

சின்னத் தீவு. அதற்கு எதற்கு இத்தனை பெரிய பீரங்கி? உள்ளூரில் பேசுவதற்கு அது தேவையே இல்லை. சிற்றலையின் குணம் அப்படி. நேரே மேலே போய், வான்மண்டலத்தில் முட்டி, எங்கோ தூரத்தில் போய் விழும். கொழும்பில் விட்டால் சென்னையில் விழும், பம்பாயில் விழும், பாட்னாவிலும் விழும். அலை அடிக்கிற மாதிரி சத்தம் ஏறி இறங்கும். ஆனால் கேட்கும்!

அந்த டிரான்ஸ்மிட்டரைக் காசாக்கலாம் என்று வழி கண்டவர்களில் முக்கியமானவர் கிளிபோர்ட் டாட் என்ற ஆஸ்திரேலியர். 1950-ல் விளம்பரம் போட்டு நடத்தும் வர்த்தக ஒலிபரப்பு தொடங்கியது. சரக்கு ரெடி, கடை ரெடி. வாடிக்கைக்காரர்களைப் பிடித்துக் கொடுத்தது யார் தெரியுமா? சாட்சாத் டெல்லி சர்க்கார்தான்!

படத்தின் பேரைச் சொல்லாதே!

1952-ல் பி.வி.கேஸ்கர் மத்திய தகவல் ஒலிபரப்பு மந்திரி ஆனார். பத்து வருஷம் அந்த நாற்காலியில் இருந்தார். சாஸ்திரீய சங்கீதத்தின் மேல் அவருக்கு உயிர். சினிமாப் பாட்டு என்றால் வேப்பங்காய்.

ஆல் இந்தியா ரேடியோவில் சினிமாப் பாட்டுக்கான நேரம் வெட்டப்பட்டது. போடுகிற கொஞ்ச நஞ்சத்திலும் பாடியவர் பேரை மட்டும் சொன்னார்கள். படத்தின் பேர் கிடையாது. சொன்னால் படத்துக்கு ஓசி விளம்பரம் ஆகி விடுமாம்!

படத் தயாரிப்பாளர்களுக்குக் கோபம் வந்து விட்டது. எங்கள் பாட்டும் வேண்டும், எங்கள் படத்தின் பேர் மட்டும் கசக்கிறதா என்று, பாட்டை ஒலிபரப்பும் உரிமையையே வாபஸ் வாங்கினார்கள். ஆல் இந்தியா ரேடியோவில் சினிமாப் பாட்டு அநேகமாக நின்றே போனது.

ஜனங்கள் என்ன செய்வார்கள்? ராகம் தானம் பல்லவிக்கு மாறினார்களா? இல்லை. முள்ளைத் திருப்பினார்கள்!

கேஸ்கரைக் கேலி பேசுவது இப்போது சுலபம். சங்கீத வித்வான்களுக்கு ரேடியோ அந்தக் காலத்தில் சோறு போட்டது உண்மை. ஆனால் டீக்கடை பெஞ்சில் உட்கார்ந்திருக்கும் ஆளுக்கு எது பிடிக்க வேண்டும் என்று டெல்லியில் உட்கார்ந்து முடிவு கட்டப் பார்த்தார். அது நடக்கவில்லை. நஷ்டம் இந்தியாவுக்கு, லாபம் இலங்கைக்கு.

25 ரூபாய் சம்பளம். மூட்டை மூட்டையாகக் கடிதம்!

முதலில் வடக்கே தீப்பிடித்தது. பினாக்கா பற்பசைக் கம்பெனியின் விளம்பரத்தில், 1952 டிசம்பர் மாதம் "பினாக்கா கீத்மாலா" ஆரம்பமானது. அரைமணி நேர இந்திப் பாட்டு நிகழ்ச்சி. பேசியவர் அமீன் சயானி. பம்பாயில் பதிவு செய்து, டேப்பை விமானத்தில் ஏற்றி கொழும்புக்கு அனுப்பி, அங்கே இருந்து மறுபடியும் இந்தியாவுக்கே ஒலிபரப்பினார்கள். பம்பாய்க் குரல் பாட்னாவுக்குப் போக கொழும்பைச் சுற்ற வேண்டியிருந்தது. இது எந்த ஊர் நியாயம் என்று கேட்காதீர்கள்!

சயானிக்கு முதலில் கிடைத்த சம்பளம் வாரம் 25 ரூபாய் என்று அவரே பிற்பாடு சொல்லி இருக்கிறார். முதல் நிகழ்ச்சிக்கு 9 ஆயிரம் கடிதங்கள் வந்தனவாம். பிறகு அது வாரம் 65 ஆயிரம் வரை போயிற்று என்பதும் அவர் சொன்ன கணக்குத்தான். 25 ரூபாய்க்கு அத்தனை கடிதத்தையும் யார் பிரித்தார்கள் என்பதுதான் நம் கவலை. 2024 பிப்ரவரியில் சயானி தமது 91-வது வயதில் காலமானார்.

சினிமா நட்சத்திரம் சுனில் தத்கூட நடிகர் ஆவதற்கு முன்பு ரேடியோ சிலோனுக்காகக் குரல் கொடுத்தவர்தான்.

எவரெஸ்ட் சிகரத்தில் ஏறிய ஹிலாரியும் டென்சிங்கும் உச்சியில் நின்று டிரான்சிஸ்டரைத் திருப்பியதும் முதலில் கேட்டது ரேடியோ சிலோன் என்று ஒரு கதை உண்டு. இன்னும் சொல்லிக் கொண்டிருக்கிறார்கள். அவர்கள் ஏறியது 1953-ல். கடையில் விற்ற முதல் டிரான்சிஸ்டர் ரேடியோ அமெரிக்காவில் வெளிவந்தது 1954-ல்! கதை விட்டவர் காலண்டரைப் பார்க்கவில்லை. இருந்தாலும் இப்படி ஒரு கதை கட்டுகிற அளவுக்கு அந்த ஸ்டேஷனுக்கு மவுசு இருந்தது என்பதை மறுக்க முடியாது.

தமிழ்நாட்டைப் பிடித்த குரல்கள்!

வடக்கே அமீன் சயானி என்றால், தெற்கே எஸ்.பி.மயில்வாகனம். தமிழ் வர்த்தக ஒலிபரப்பின் முன்னோடி அறிவிப்பாளர். அவருடைய குரல் தமிழ்நாட்டில் மூலை முடுக்கெல்லாம் பிரசித்தம். அவர் மனைவி செந்திமணி மயில்வாகனமும் அறிவிப்பாளர். அவர்களுக்குப் பின்னால் ராஜேஸ்வரி சண்முகம், கே.எஸ்.ராஜா, பி.எச்.அப்துல் ஹமீது, எஸ்.நடராஜசிவம் என்று ஒரு பட்டாளமே வந்தது.

இவர்களில் ஒருவரின் முகம்கூட சென்னை ஜனங்களுக்குத் தெரியாது. ஆனால் குரலை வைத்து, "இது ராஜா", "இது ஹமீது" என்று பந்தயம் கட்டுவார்கள். சினிமா நட்சத்திரங்களுக்குச் சமமாக ரசிகர்கள் இருந்தார்கள்.

அப்படி என்ன மாயம் செய்தார்கள்?

முதலாவது, மரியாதை. பாட்டு போடுமுன் படத்தின் பேர், பாடியவர் பேர், எழுதிய கவிஞர் பேர், இசையமைப்பாளர் பேர் எல்லாம் சொல்வார்கள். டெல்லி மூடி மறைத்த படத்தின் பேரை கொழும்பு தம்பட்டம் அடித்தது. பாட்டு எழுதியவர் யார் என்று ஒரு ரிக்ஷாக்காரருக்கும் தெரிந்தது என்றால், அதற்கு அந்த அறிவிப்பாளர்கள்தான் காரணம்.

இரண்டாவது, தமிழ். எழுத்தை எழுத்தாக உச்சரிப்பார்கள். "ழ" அவர்கள் வாயில் "ழ"வாகவே வந்தது. அவர்கள் சொன்னால் "நேயர்கள்" என்ற வார்த்தையே தித்திக்கும். "கூட்டுத்தாபனம்" போன்ற வார்த்தை மட்டும் நம்ம ஊர் காதுக்குப் புரிய கொஞ்ச நாள் ஆனது. புரிந்த பிறகு அதையே நாலு பேர் மிமிக்ரி பண்ணிக் கைதட்டல் வாங்கினார்கள்.

மூன்றாவது, நிகழ்ச்சிகள். காலையில் "பொங்கும் பூம்புனல்" கேட்டுக் கொண்டே ஆபீசுக்குக் கிளம்பியவர்கள் எத்தனை பேர்! "பிறந்தநாள் வாழ்த்து" என்று குழந்தைகளின் பேரை வாசிப்பார்கள். அம்மா, அப்பா, தாத்தா, பாட்டி, மாமா என்று வீட்டுப் பட்டியலே வரும். "இசையும் கதையும்" நிகழ்ச்சியில் நேயர் எழுதிய கதையை வாசித்து நடுநடுவே பொருத்தமான பாட்டைச் செருகுவார்கள். கேட்டு விட்டு முந்தானையில் கண்ணைத் துடைத்த பெண்கள் அநேகம். "ஒலிச்சித்திரம்" வந்தால் ஒரு முழுப் படத்தையும் காதாலேயே பார்த்து விடலாம். டிக்கெட் காசு மிச்சம்!

"பாட்டுக்குப் பாட்டு" அப்துல் ஹமீதின் நிகழ்ச்சி. அவர் எழுத்தைக் கொடுப்பார், போட்டியாளர் அந்த எழுத்தில் தொடங்கும் பாட்டைப் பாட வேண்டும். பிற்காலத்தில் அதே விளையாட்டோடு சென்னை டெலிவிஷனுக்கும் வந்து, முகத்தையும் காட்டி, வெற்றி பெற்றவர் அவர்.

கே.எஸ்.ராஜா வேறு ரகம். எக்ஸ்பிரஸ் ரயில் வேகம்! அந்த வேகத்திலும் ஒரு எழுத்து சிதறாது. அவர் நடத்திய "திரை விருந்து" சினிமா ரசிகர்களுக்கு அறுசுவை விருந்து. புதுப்படத்துக்கு அவர் குரலில் விளம்பரம் வந்தால் தியேட்டரில் கூட்டம் கூடும் என்ற நம்பிக்கை சினிமாக்காரர்களிடம் இருந்தது.

இத்தனை குஷிக்கும் நடுவில் "மரண அறிவித்தல்" என்றும் ஒன்று வரும். இலங்கையில் எங்கோ ஒரு ஊரில் யாரோ இறந்து போயிருப்பார். மக்கள், மருமக்கள் பேர், இறுதிச் சடங்கு நேரம் எல்லாம் வாசிப்பார்கள். அவர்களுக்கு அது ஊர்ச் செய்தி. சம்பந்தமே இல்லாத சென்னைக்காரரும் கத்தரிக்கோலை நிறுத்தி விட்டு ஒரு நிமிஷம் கேட்பார். இது நமக்காக நடத்துகிற ரேடியோ இல்லை, இன்னொரு ஜனத்தின் ரேடியோ, அதை நாம் ஒட்டுக் கேட்கிறோம் என்று ஞாபகப்படுத்திய நேரம் அது ஒன்றுதான்.

டெல்லி முழித்துக் கொண்டது!

எவ்வளவு நாள்தான் தூங்குவது? 1957 அக்டோபர் 3-ந் தேதி டெல்லி சர்க்கார் "விவித் பாரதி"யை ஆரம்பித்தது. பம்பாயிலும் சென்னையிலும் இருந்த சிற்றலை டிரான்ஸ்மிட்டர்கள் மூலம் சினிமாப் பாட்டு மறுபடியும் வந்தது. மந்திரி அதே கேஸ்கர்தான்! வேப்பங்காய் கரும்பாக மாறி விட்டது.

ஆனால் விளம்பரம் கூடாது என்று பத்து வருஷம் பிடிவாதம் பிடித்தார்கள். இந்திய சோப்பு, இந்திய பற்பசை விளம்பரக் காசு அதுவரை கொழும்பில்தான் கொட்டியது. 1967 நவம்பர் 1-ந் தேதிதான் பம்பாய், பூனா, நாகபுரியில் விவித் பாரதியின் வர்த்தக ஒலிபரப்பு தொடங்கியது. சில வருஷத்துக்குள் சென்னைக்கும் வந்தது.

இனிமேல் சென்னை ஜவுளிக்கடைக்காரர் விளம்பரம் கொடுக்க கடல் தாண்ட வேண்டியதில்லை. உள்ளூரிலேயே கொடுக்கலாம். சத்தமும் இரைச்சல் இல்லாமல் தெளிவாகக் கேட்கும்.

கொழும்பிலும் மாறுதல்கள். 1967 ஜனவரியில் ரேடியோ சிலோன் ஒரு கார்ப்பரேஷன் ஆக மாறியது. 1972-ல் நாட்டின் பேரே ஸ்ரீலங்கா என்று மாறியதும் "இலங்கை ஒலிபரப்புக் கூட்டுத்தாபனம்" என்ற பேர் நிலைத்தது. ஆனால் நம்ம ஊர் ஜனங்கள் அசையவில்லை. அவர்களுக்கு அது கடைசி வரை சிலோன் ரேடியோதான்.

விந்தை என்னவென்றால், விவித் பாரதி வந்த பிறகும் எழுபதுகளில் கே.எஸ்.ராஜா, ஹமீது குரல்களுக்கு இங்கே கிராக்கி குறையவில்லை. பாட்டு இரண்டு இடத்திலும் ஒன்றுதான். குரல் ஒன்றில்லையே! பாட்டுக்காகப் போன ஜனம், பேச்சுக்காகத் தங்கி விட்டது.

1975 ஆகஸ்ட் 15-ந் தேதி சென்னையில் டெலிவிஷன் வந்தது. "ஒளியும் ஒலியும்" போடுகிற நேரத்தில் தெரு வெறிச்சோடியது. பாட்டைக் கண்ணால் பார்த்துப் பழகியவனுக்கு காதால் மட்டும் கேட்கப் பொறுமை குறைந்தது. 1977 ஜூலை 23-ந் தேதி இந்தியாவின் முதல் எப்.எம். ஒலிபரப்பும் சென்னையில்தான் ஆரம்பமானது. அப்போது அதைப் பிடிக்கிற ரேடியோப் பெட்டி எத்தனை வீட்டில் இருந்தது என்று கேட்டால் சிரிப்பார்கள். அது பிள்ளையார் சுழி மட்டும்தான்.

1983 ஜூலை!

டெலிவிஷன் கொஞ்சம் கொஞ்சமாகத்தான் அரித்தது. பெரிய அடி 1983 ஜூலையில் விழுந்தது. கொழும்பில் தமிழர்களின் வீடுகளும் கடைகளும் எரிக்கப்பட்டன. ஏராளமான தமிழர்கள் கொல்லப்பட்டார்கள். உயிர் தப்பியவர்கள் யாழ்ப்பாணத்துக்கும், தமிழ்நாட்டுக்கும், வெளிநாடுகளுக்கும் ஓடினார்கள்.

சென்னைத் தெருக்களில் ஊர்வலம், கடையடைப்பு. நேற்று வரை பாட்டு கேட்ட அதே ரேடியோப் பெட்டியில் ஜனங்கள் இப்போது செய்தி தேடினார்கள். கொழும்பு என்றால் பாட்டு என்று இருந்தது மாறி, கொழும்பு என்றால் ரத்தம் என்று ஆகி விட்டது.

தமிழ் ஒலிபரப்பு நிற்கவில்லை. அறிவிப்பாளர்களில் சிலர் தொடர்ந்து மைக்கின் முன்னால் உட்கார்ந்து வேலை பார்த்தார்கள். ஊர் எரிகிற நேரத்தில் சிரித்த குரலில் பாட்டு அறிவிப்பது எவ்வளவு கஷ்டம் என்று யோசித்துப் பாருங்கள். அந்த வேலையையும் அவர்கள் செய்தார்கள்.

கே.எஸ்.ராஜா கொலை!

1989-ல் அந்தச் செய்தி வந்தது. கே.எஸ்.ராஜா கொழும்பில் கொலை செய்யப்பட்டார்!

இலங்கையில் துப்பாக்கிகள் எல்லாத் திசையிலும் வெடித்துக் கொண்டிருந்த வருஷம் அது. வடக்கே ஒரு யுத்தம், தெற்கே ஒரு கலகம். தினசரி பிணங்கள். அந்தக் கணக்கில் ஒரு பாட்டு அறிவிப்பாளரும் சேர்ந்து விட்டார்.

ஒரு படத்தின் பேரையும் பாடகர் பேரையும் அழகாகச் சொன்னதுதான் தமிழ்நாட்டுக்கு அவர் செய்த தொழில். அவரால் எத்தனை படத்துக்குக் கூட்டம் கூடியிருக்கும், எத்தனை சோப்பு விற்றிருக்கும்! விளம்பரக் கம்பெனிக்காரர்கள் லாபம் பார்த்தார்கள். ஒலிபரப்பு நிலையம் லாபம் பார்த்தது. குரல் கொடுத்த ஆளுக்கு மிஞ்சியது ரசிகர்களின் அன்பு. அந்த அன்பு கொலையைத் தடுக்கவில்லை.

இங்கே சென்னையில் செய்தி கேட்டு வருந்தியவர்கள் பலருக்கு அப்போதுதான் பத்திரிகைப் படத்தில் முதல் தடவையாக அவர் முகம் தெரிந்தது.

"வானொலிக் குயில்" என்று பேர் எடுத்த ராஜேஸ்வரி சண்முகம் 2012-ல் கொழும்பில் காலமானார். அந்தப் பட்டாளம் ஒவ்வொருவராகக் கரைந்து வருகிறது.

இப்போது என்ன நிலை?

சென்னையில் தனியார் எப்.எம். நிலையங்கள் 2003-ல் வந்தன. பேரம் பேசுகிற மாதிரி படபடவென்று பேசும் இன்றைய அறிவிப்பாளர்களைக் கேட்டு, பெரியவர்கள் முகம் சுளிக்கிறார்கள். அவர்களுக்கு ஒரு தகவல்: இந்த வேகத்தைத் தமிழுக்குக் கொண்டு வந்ததே உங்கள் கே.எஸ்.ராஜாதான்! ஆனால் அவர் பாட்டு எழுதியவர் பேரை விழுங்கியதில்லை. இவர்கள் விழுங்குகிறார்கள். அது ஒன்றுதான் நமது புகார்.

கொழும்பு சுதந்திர சதுக்கத்தில் இலங்கை ஒலிபரப்புக் கூட்டுத்தாபனம் இருக்கிறது. வர்த்தகத் தமிழ் ஒலிபரப்பு "தென்றல்" என்ற பேரில் எப்.எம்.மில் நடந்து வருகிறது. அதன் இசைத்தட்டுக் களஞ்சியத்தில் பழைய சினிமாப் பாட்டுத் தட்டுகள் ஏராளம். இந்தியாவிலேயே கிடைக்காத தட்டுகள்கூட அங்கே உண்டு என்று பாட்டு சேகரிக்கிறவர்கள் சொல்கிறார்கள். நாம் இங்கே மூர்மார்க்கெட்டில் எடைக்குப் போட்டதை அவர்கள் உறை போட்டு, நம்பர் ஒட்டி, அலமாரியில் அடுக்கி வைத்தார்கள்.

நம்ம மூர்மார்க்கெட் 1985-ல் எரிந்து போனது.